அஞ்சு மணி நேரம்னாங்க, அது குதிரைக் கணக்கு: சோங்குல் மலை நடையும் யூர்ட்ல ஒரு ராத்திரியும்

முதல்லயே மார்க்க போட்டுடுறேன், பொறுமை இல்லாதவங்க இதோட கிளம்பிக்கலாம். யூர்ட்ல (மேய்ச்சல்காரங்க தங்குற வட்டமான கம்பளிக் கூடாரம்) தங்குன ராத்திரிக்கு 10க்கு 9, நடைக்கு 7, இத எங்களுக்கு புக் பண்ணிக் கொடுத்த ஏஜென்சிக்கு 3, அந்த 3-ம் அவங்க அனுப்புன பையனுக்காகத்தான். ஏஜென்சி பேர இங்க போடப் போறதில்ல, ஏன்னா அவங்க பண்ணுன அதே வேலைய அந்த ஊர்ல இன்னும் பல பேர் பண்ணிட்டு இருப்பாங்கன்னு தோணுது.

இடம் கிர்கிஸ்தான்ல நாரின் மாகாணத்துல இருக்குற சோங்குல் ஏரி. நானும் என் தங்கச்சி வீட்டுக்காரரும் போனோம், ரெண்டு பகல் ஒரு ராத்திரி. எனக்கு 43 வயசு, வலது முட்டி கொஞ்சம் மக்கர் பண்ணும், மாப்ளைக்கு என்னை விட ஆறு வயசு கம்மி ஆனா தொப்பை என்னை விட ஜாஸ்தி, அதுக்கும் மேல அவர் சுத்த சைவம். அதாவது நாங்க மலை ஏறுற ஆளுங்களே இல்ல, அத மனசுல வச்சுக்கிட்டு மேல படிங்க.

உயரத்த மட்டும் ஒரு தடவ ஒழுங்கா சொல்லிடுறேன், நாங்க அதுலதான் ஏமாந்தோம். ஏரியே 3,016 மீட்டர்ல இருக்கு. நம்ம தொட்டபெட்டா 2,637, ஆனைமுடி 2,695. தென்னிந்தியாவுலயே உசரமான மலையோட உச்சில போய் நின்னாலும் இந்த ஏரிக்கரை உங்க தலைக்கு மேல 300 மீட்டர் தள்ளி இருக்கும். அங்க போய்தான் ராத்திரி படுக்கணும், அதுக்கு முன்னாடி ஏரிய விட உசரமான ஒரு கணவாய வேற தாண்டணும். காத்துல கெடைக்குற ஆக்ஸிஜன் கடல் மட்டத்துல இருக்குறதுல எழுபது சதவீதம் அளவுக்குத்தான். இதெல்லாம் வீட்ல சோஃபால உக்காந்து படிக்கும்போது வெறும் நம்பர்தான், அங்க நாலு அடி வச்சுட்டு நின்னு மூச்சு வாங்கும்போதுதான் நம்பருக்கு அர்த்தம் புரிஞ்சுது.

தலைநகர் பிஷ்கெக்ல இருந்து கோச்கோர்னு ஒரு சின்ன டவுனுக்கு மார்ஷ்ருட்கால போனோம், மார்ஷ்ருட்கான்னா நம்ம ஊர் மேக்ஸி கேப் மாதிரி வேன், ஆள் நிறைஞ்சாதான் எடுப்பாங்க. பூம்னு ஒரு பள்ளத்தாக்கு, பக்கத்துலயே சூ ஆறு ஓடுது, ரோடு நல்லாவே இருக்கு, நாலு மணி நேரத்துல போயிட்டோம். காசு விஷயத்துல ஒரு சௌகரியம் என்னன்னா நாங்க போன சமயத்துல அவங்க சோமும் நம்ம ரூபாயும் கிட்டத்தட்ட ஒரே மதிப்பு, அதனால மனசுக்குள்ள கணக்கே போட வேண்டாம், மெனு கார்டுல போட்டிருக்குறத அப்படியே ரூபாயா நெனச்சுக்கலாம். விசா நமக்கு வேணும், ஆன்லைன்லயே ஈ-விசா எடுத்துடலாம், அதுல ஒரு பிரச்சனையும் வரல.

கோச்கோர்ல ஒரு ராத்திரி தங்கி, அங்கதான் ஏஜென்சில பேசுனோம். மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்த அம்மா மேப்ப விரிச்சு விரல் வச்சு காட்டுனாங்க, காலைல கார்ல கிசார்ட் வரைக்கும், அங்க இருந்து நடை, கிலெம்செல சாப்பாடு, அப்புறம் கணவாய், அப்புறம் ஏரி, மொத்தம் அஞ்சு மணி நேரம், ரொம்ப ஈஸி, எல்லாரும் பண்ணுவாங்கன்னு. பை தூக்க குதிரை உண்டு, ரெண்டு பேருக்கும் தனி யூர்ட், மறுநாள் காலைல பத்து மணிக்கு திரும்ப கார். நான் ரெண்டு தடவ கேட்டேன், "அஞ்சு மணி நேரமா? எங்களால முடியுமா?"ன்னு. "அஞ்சு, மிஞ்சிப் போனா ஆறு"ன்னு சிரிச்சாங்க.

எங்களுக்கு ஆச்சு பத்தே கால் மணி நேரம்.

வழிகாட்டியா வந்த பையனுக்கு இருபது வயசு இருக்கும், காலேஜ்ல படிக்கிறானாம், லீவுல இந்த வேலை. வந்தது குதிரைல. எங்க ரெண்டு பேர் பையையும் சேணத்துக்குப் பின்னாடி கட்டிட்டு அவனும் மேல ஏறி உக்காந்துட்டான். அப்ப பை தூக்குற குதிரைன்னு தனியா காசு வாங்குனது அவன் ஏறி வர்ற குதிரைக்குத்தான்! சரி போகட்டும்னு நடக்க ஆரம்பிச்சோம். மொதல் ரெண்டு மணி நேரம் ஜம்முனு இருந்துச்சு, ரெண்டு பக்கமும் புல்லு, நம்ம ஊட்டி புல்வெளி மாதிரி இல்ல, இது வேற, மரமே கிடையாது, கண்ணுக்கு எட்டுன தூரம் வரைக்கும் பச்சைப் போர்வைய மடிச்சு மடிச்சு வச்ச மாதிரி, நடுவுல அங்கங்க குதிரைக் கூட்டம், ரொம்ப தூரத்துல ஒரு வெள்ளைப் புள்ளி தெரிஞ்சா அது யூர்ட். கோடை காலத்துல மட்டும் ஆடு மாடு குதிரையோட குடும்பமா மேல வந்து தங்குற இந்தப் புல்வெளிய அவங்க ஜெய்லூன்னு சொல்றாங்க, ஜூன்ல வருவாங்க, செப்டம்பர்ல கூடாரத்த மடிச்சுக்கிட்டு எறங்கிடுவாங்க, அதுக்கப்புறம் அந்த ஏரியே உறைஞ்சு போயிடும்.

கிலெம்செல ஒரு யூர்ட்ல மத்தியான சாப்பாடு. அங்க போய்ச் சேரும்போதே எங்களுக்கு நாலு மணி நேரம் ஆயிடுச்சு, கணக்குப்படி பார்த்தா ஏரி கண்ணுக்குத் தெரியணும். பையன்கிட்ட கேட்டேன், "தம்பி, இன்னும் எவ்ளோ நேரம்?" "ரெண்டரை மணி." ரெண்டரை மணி நேரம் கழிச்சு மூச்சு முட்ட நின்னு திரும்பக் கேட்டேன், அதே "ரெண்டரை மணி." அப்பதான் எனக்கு பொறி தட்டுச்சு. "தம்பி, நீ சொல்றது நடந்து போனாலா, குதிரைல போனாலா?" அவன் ரொம்ப சாதாரணமா, இத எதுக்குக் கேக்குறாங்கன்னு புரியாம, "குதிரைலதான்"னான். அவன் மேல தப்பே இல்லைங்க. பொறந்ததுல இருந்து அந்த மலைய குதிரை மேல இருந்து மட்டுமே பார்த்தவன், அவனுக்கு ஒரு மணி நேரம்னா குதிரையோட ஒரு மணி நேரம்தான். ஆனா மேஜைல உக்காந்து காசு வாங்குன அம்மாவுக்குத் தெரியாதா, நாங்க நடந்து போறோம்னு அவங்கதானே ரசீதுல எழுதுனாங்க?

அதனால இந்தப் பக்கம் போறவங்க யார் என்ன நேரம் சொன்னாலும் குதிரையா காலான்னு ஒரு கேள்வி கேட்டுடுங்க. எங்கள மாதிரி ஆளுங்கன்னா சொன்ன நேரத்த ரெண்டால பெருக்கிக்கிடுங்க. இல்லன்னா நேராவே நீங்களும் குதிரை எடுத்துக்கலாம், பாதிக்கு மேல ஆளுங்க அப்படித்தான் போறாங்க, வெக்கப்பட ஒண்ணும் இல்ல.

கணவாய்க்குப் பேரு ஜல்கிஸ் கராகாய். ஒத்தை ஊசியிலை மரம்னு அர்த்தமாம், நம்ம ஊர்ல ஒத்தப்பனைன்னு எடத்துக்குப் பேர் வைக்குற மாதிரி. நாங்க போன வழில அந்த ஒத்த மரமும் கண்ல படல. ஏறி முடிக்கப் போற நேரத்துல, நாலரை மணி இருக்கும், மேற்கால இருந்து ஒரு கருப்பு மேகம் வந்து பட்டாணி சைஸ்ல ஆலங்கட்டி கொட்டுச்சு பாருங்க, பத்து நிமிஷம், ஒதுங்க ஒரு பாறை கூட இல்ல. காலைல சட்டையக் கழட்டலாமான்னு இருந்த வெயிலு. மாப்ள ஒரு எடத்துல புல்லு மேலயே உக்காந்துட்டாரு. "மச்சான், நீங்க போங்க, நான் இங்கயே இருந்துக்கறேன், காலைல வந்து கூட்டிக்கோங்க"ன்னு. விளையாட்டா சொல்றாரான்னு முகத்தப் பார்த்தா உதடு வெளுத்துப் போயிருக்கு. அந்தப் பையன் ஒரு வார்த்தை பேசல, குதிரைல இருந்து எறங்கி, தன்னோட கோட்டக் கழட்டி அவருக்குப் போட்டு, அவரத் தூக்கி சேணத்துல உக்கார வச்சு, கடிவாளத்தப் பிடிச்சுக்கிட்டு அந்தப் பக்கம் முழுக்க நடந்தே எறங்குனான், அதுவும் நம்ம பசங்க கிரிக்கெட் ஆடப் போட்டுட்டுப் போற மாதிரி ஒரு பழைய கேன்வாஸ் ஷூவோட. ஏஜென்சிக்குக் கொடுத்த 3 மார்க் இதுக்குத்தான், தனியா அவன் கைல டிப்ஸும் கொடுத்துட்டோம்.

கணவாய் மேல இருந்து ஏரிய பார்க்கும்போது எனக்கு பெருசா ஒண்ணும் தோணல, உண்மையச் சொல்றேன், தலைவலி. இசிக்குல்லுக்கு அடுத்தபடியா நாட்டுலயே பெரிய ஏரி, ஆனா ஆழம் ரொம்ப இல்ல, அதிகபட்சமே 13 மீட்டர் போலத்தான். அழகா இல்லையான்னா அழகுதான். மறுநாள் காலைல பார்த்தப்பதான் தெரிஞ்சுது எவ்ளோ அழகுன்னு.

இப்ப யூர்ட்டுக்கு வர்றேன், எனக்கு எழுதணும்னு தோணுனதே இதுக்காகத்தான்.

நாங்க போய்ச் சேரும்போது ஏழே கால், நனைஞ்சு நடுங்கிட்டு நிக்கிறோம். வெளிய வந்த அக்கா எங்களப் பார்த்ததும் பேரு ஊரு ஒண்ணும் கேக்கல, ஷூவக் கழட்டச் சொல்லி கையக் காட்டி உள்ள தள்ளிட்டாங்க. அங்க வயசுல மூத்த பொம்பளைங்கள எஜேன்னு கூப்புடணும், நம்ம அக்கா மாதிரியே, நான் ரெண்டு நாளும் எஜே எஜேன்னே ஓட்டிட்டேன். உள்ள ஒரு தகர அடுப்பு, அதுல எரியுறது காஞ்ச சாணி. மரமே இல்லாத ஊர்ல வேற என்னத்த எரிப்பாங்க? நம்ம வரட்டி மாதிரி தட்டி காய வச்சதுதான், வாசனையும் கிட்டத்தட்ட அதே, எங்க பாட்டி வீட்டு வெந்நீர் அடுப்பு ஞாபகம் வந்துடுச்சு. மாப்ள ஈர சாக்ஸக் கழட்டி அடுப்புப் பக்கத்துல நீட்டுனாரு, எஜே அதப் பிடுங்கி மேல ஒரு கயித்துல போட்டாங்க. அடுப்புகிட்ட போட்டா சுருங்கிடுமாம், சைகைலயே சொன்னாங்க.

யூர்ட்ட அவங்க போஸ் உய்னு சொல்றாங்க. சுத்தி வர சுவர் இருக்கே, அது மடக்குற மரச்சட்டம், நம்ம பழைய மாடல் இழுத்து மூடுற கிரில் கேட்ட நெனச்சுக்கோங்க, அதே மாதிரி இழுத்தா விரியும், மடக்குனா ஒரு குதிரை மேல ஏத்திடலாம். ஆணி கிடையாது, குறுக்கும் நெடுக்கும் வர்ற எடத்துல எல்லாம் தோல் வார்தான். அதுக்கு மேல வளைஞ்ச கம்புங்க, அதெல்லாம் போய்ச் சேர்ற எடத்துல உச்சில ஒரு வட்டம், அதுக்குப் பேரு துந்துக். அவங்க நாட்டுக் கொடில சூரியனுக்கு நடுவுல ஒரு வட்டமும் குறுக்குக் கோடும் இருக்கு பாருங்க, அது இதுதான். வெளிய தடியா ஆட்டு ரோமத்த அமுக்கிச் செஞ்ச கம்பளி, கீழயும் அதே கம்பளில வெட்டி ஒட்டி தச்ச விரிப்பு, சிர்டாக்னு பேரு. இந்த யூர்ட் கட்டுற கலைய 2014-ல யுனெஸ்கோ பட்டியல்ல சேர்த்தாங்க. ஆனா யுனெஸ்கோ வந்து பார்த்தா கொஞ்சம் வருத்தப்படும், நாங்க இருந்ததுல கம்பளிக்கு மேல ஒரு நீல பிளாஸ்டிக் தார்பாயும் போட்டிருந்தாங்க. எனக்கு அதுல வருத்தமே இல்ல, ராத்திரி மழைல ஒரு சொட்டு உள்ள எறங்கல.

எனக்கு ரொம்பப் பிடிச்சது அந்த உச்சி வட்டம்தான். பகல்ல அது தொறந்துருக்கும், வெளிச்சம் அது வழியாதான் வரும், விரிப்பு மேல வட்டமா ஒரு வெயில் விழும். மேல மூடுறதுக்கு ஒரு கம்பளித் துண்டு, அதோட ஒரு கயிறு வெளிய தொங்குது. மழை தூறுன உடனே எஜே பேச்ச நிறுத்தாமலே வெளிய போயி கயித்த ஒரு இழு இழுத்தாங்க, மேல இருந்த வானம் அப்படியே பாதி மூடிக்கிச்சு, நம்ம வீட்ல மழை வந்தா மொட்டை மாடித் துணிய எடுக்க ஓடுற அதே வேகம்.

தனி யூர்ட்னு சொன்னது என்ன ஆச்சுன்னா, கொஞ்ச நேரம் கழிச்சு கதவத் தொறந்துக்கிட்டு நாலு வெளிநாட்டுக்காரங்க உள்ள வந்தாங்க, அவங்களுக்கும் அதே ஏஜென்சி, அவங்களுக்கும் "தனி யூர்ட்". ஆறு பேர் ஒரு வரிசையா படுத்தோம். எஜேவுக்கு இதுல ஒரு சம்பந்தமும் இல்ல, அவங்ககிட்ட ஏஜென்சில இருந்து ஆறு பேர்னு மட்டும்தான் சொல்லிருக்காங்க. அங்கயே கேட்டுத் தெரிஞ்சுக்கிட்டதுல யூர்ட்ல நேரா போய் தங்குனா சாப்பாட்டோட அப்ப ஆளுக்கு 1,800 சோம். நாங்க ஏஜென்சிக்குக் கொடுத்ததுல யூர்ட்டுக்குப் போனது எவ்ளோ குறைச்சல்னு அப்பதான் தெரிஞ்சுது.

சாப்பாடு. மாப்ளைக்கு சைவம்னு முன்னாடியே எழுதிக் கொடுத்திருந்தோம், அது எஜே காது வரைக்கும் போகவே இல்ல. சூப்ல கறி. அவங்க என்ன பண்ணாங்கன்னா கறிய மட்டும் கரண்டில எடுத்துட்டு திரும்ப நீட்டுனாங்க, நல்ல மனசுதான், ஆனா இவரு சாப்புடுவாரா? கடைசில ரொட்டி, கெட்டி பாலாடை, வீட்ல செஞ்ச ஜாம், போர்சோக்னு எண்ணெய்ல பொரிச்ச சின்னச் சின்ன மாவுத் துண்டு. அந்தப் பாலாடையும் ஜாமும் தொட்டு போர்சோக் சாப்புட்டதுல அவர் என்னை விட நல்லாவே சாப்புட்டாரு. சைவக்காரங்க கைல பருப்புப் பொடி, ஊறுகாய் ஒரு பாக்கெட் வச்சுக்கோங்க. டீய சின்னக் கிண்ணத்துல பாதிதான் ஊத்துவாங்க, கஞ்சத்தனம்னு நெனச்சுடாதீங்க, குடிக்கக் குடிக்க ஊத்திக்கிட்டே இருக்குறதுதான் மரியாதை. நான் ஒன்பது கிண்ணம் குடிச்சேன். அந்த உசரத்துல தண்ணி 90 டிகிரி வாக்குலயே கொதிச்சுடும், அதனால டீ நம்ம ஊர் மாதிரி நாக்கு பொசுங்குற சூடு வராது, சூடா குடிச்சுப் பழகுனவங்களுக்கு கொஞ்சம் ஏமாத்தமாதான் இருக்கும்.

ராத்திரி ரெண்டு மணிக்கு அடுப்பு அணைஞ்சுடுச்சு. இத யாரும் சொல்ல மாட்டாங்க, நான் சொல்றேன், சாணி நின்னு எரியாது, படுக்கும்போது கதகதன்னு வேர்த்து ஊத்தும், ரெண்டு மணிக்கு மூக்கு நுனி மரத்துப் போகும். ரெண்டு மெத்தைப் போர்வை போர்த்தியும் ஜூலை மாசத்துல தொப்பி போட்டுக்கிட்டுப் படுத்தேன். போதாக்குறைக்கு ஒன்பது கிண்ணம் டீ. கக்கூஸ் வெளிய ஒரு அறுபது அடி தள்ளி பலகை அடிச்ச குழி, டார்ச் இல்லாம போக முடியாது, ரெண்டு நாய் வேற கூடவே துணைக்கு வந்து வாசல்ல உக்காந்துக்குச்சு. வெளிய வந்து திரும்பும்போது மேல பார்த்தேன். நட்சத்திரத்தப் பத்தி எல்லாரும் எழுதிட்டாங்க, நான் எழுதல. குளிர்ல பல்லு தந்தியடிச்சும் ஒரு கால் மணி நேரம் உள்ள போகாம நின்னேன், அவ்ளோதான். நாய் ரெண்டும் சலிச்சுப் போயி கிளம்பிடுச்சு.

காலைல பால் கறக்குறதப் பார்த்தோம், குதிரைப் பால். குட்டிங்களை எல்லாம் தரையோட தரையா இழுத்துக் கட்டுன ஒரு கயித்துல வரிசையா கட்டிப் போட்டிருந்தாங்க, அதனால தாய்க் குதிரைங்க எங்கயும் போகாது, சுத்திச் சுத்தி அங்கயே மேயும். குட்டிய ஒரு வாய் குடிக்க விட்டு பால் எறங்குனதும் இழுத்துட்டு கறப்பாங்க, நம்ம ஊர்ல கன்னுக்குட்டிய விட்டுக் கறக்குற அதே கதைதான், ஆனா குதிரை ஒரு தடவைக்கு ரொம்பக் கொஞ்சமாதான் கொடுக்கும், அதனால நாள் முழுக்க திரும்பத் திரும்பக் கறக்கணும். அதப் புளிக்க வச்சா குமிஸ். நான் ஒரு கிண்ணம் குடிச்சேன். நீராகாரத்துல ரெண்டு நாள் பழைய மோர ஊத்தி, பொகை வாசனை புடிச்ச பானைல வச்சா எப்படி இருக்கும், அப்படி, லேசா நுரையோட நாக்குல சுரீர்னு. ரெண்டாவது கிண்ணமும் வாங்குனேன். வயித்துக்கு ஒத்துக்காதவங்க பாதி வழி பயணத்துல ட்ரை பண்ணாதீங்க, கார்ல போகணும்.

கார். பத்து மணிக்குன்னாங்க, வந்தது பன்னெண்டே முக்கால். அங்க எங்க ஃபோன்ல டவர் சுத்தமா இல்ல, யாருக்கும் கேக்கவும் வழி இல்ல. எனக்கு அதுல பெரிய கோவம் வரல, அந்த நேரத்துலதான் ஏரிக்கரைல நிதானமா நடந்தோம், நேத்து தலைவலில பார்க்காம விட்டத எல்லாம் பார்த்தோம், தண்ணி கரைகிட்ட பச்சையா, தள்ளிப் போகப் போக நீலமா, அந்தப் பக்கம் மலைல பனி. ஆனா அன்னிக்கே பிஷ்கெக் போயி ஃப்ளைட் புடிக்குற மாதிரி யாராவது பிளான் போட்டா கதை கந்தல். திரும்புற வழில கல்மாக் அஷூன்னு 3,447 மீட்டர்ல ஒரு கணவாய், மண் ரோடு, டிரைவர் ஒரு கைல ஸ்டியரிங் இன்னொரு கைல சூரியகாந்தி விதை, மாப்ள கண்ணத் தொறக்கவே இல்ல.

திரும்பப் போனா நான் எப்படிப் போவேன்னா, கோச்கோர்ல ஒரு ராத்திரி, கிலெம்செ யூர்ட்ல ஒரு ராத்திரி, அப்புறம் ஏரில ஒரு ராத்திரி. ஒரே நாள்ல நாங்க நடந்தத ரெண்டா உடைச்சா முட்டிக்கும் நல்லது, தலைவலியும் வராது, கணவாய மத்தியானத்துக்கு முன்னாடியே தாண்டிட்டா ஆலங்கட்டிலயும் மாட்ட மாட்டோம். தனி யூர்ட் வேணும்னா ஏஜென்சி வார்த்தைய நம்பாம எத்தன பேர்னு ரசீதுலயே எழுதி வாங்குவேன். ரெயின்கோட், தொப்பி, டார்ச், பவர் பேங்க், சில்லறை நோட்டு, கைல கண்டிப்பா. சன்ஸ்கிரீன் நமக்கெதுக்குன்னு போனேன், மூக்குல ஒரு வாரம் தோல் உரிஞ்சுச்சு.

கிளம்பும்போது எஜே ஒரு பொட்டலம் குருத் கொடுத்தாங்க, புளிச்ச தயிர உருண்டை பிடிச்சு கல்லு மாதிரி காய வச்சது, உப்புக்கல்ல சப்புற மாதிரி இருக்கும். காசு நீட்டுனா வாங்கல. ஊருக்கு வந்து வீட்ல யாருக்கும் பிடிக்கல, டப்பால அப்படியே இருக்கு, நான் மட்டும் அப்பப்ப ஒண்ணு வாய்ல போட்டுக்குறேன்.

ஏஜென்சில இருந்து நாலு நாள் கழிச்சு மெசேஜ் வந்துச்சு, அஞ்சு ஸ்டார் போடுங்கன்னு. நான் நேரக் கணக்கு, தனி யூர்ட், கார் லேட்டு எல்லாத்தையும் வரிசையா எழுதி, பை தூக்குற குதிரைக்கு வாங்குன காசையாவது திருப்பிக் கொடுங்கன்னு கேட்டேன். ஒரே வரில பதில்: அடுத்த தடவ நீங்களும் குதிரைல போங்க, அஞ்சு மணி நேரம்தான் ஆகும்.